வெள்ளிக்கிழமை மூட்டை

திருவானைக்காவல்,
14-11-1961, செவ்வாய்க்கிழமை.

பெருமதிப்புக்குரிய ‘மலைக்கோட்டை மணியோசை’ வாரப் பத்திரிகையின் ஆசிரியர் திரு. அருள்நாதன் அவர்களுக்கு, திருவானைக்காவல் பால்காரரும் தற்சமயம் சட்டசபை உறுப்பினருமாகிய பெரியண்ணன் வணக்கத்துடன் எழுதிக்கொண்டது. இங்கே நானும், என் மனைவி பவுனம்மாளும், மைத்துனன் காத்தானும், ஏழு மாடுகளும் மூன்று கன்றுகளும் சுகம். சிந்தாமணியில் தாங்களும் தங்கள் துணைவியார் டோரதியம்மாளும் சுகமாயிருக்க, தாங்கள் கும்பிடும் ஆண்டவரையும் நான் கும்பிடும் அகிலாண்டேஸ்வரியையும் சேர்த்தே வேண்டுகிறேன். மழை நன்றாகப் பெய்திருக்கிறது. காவிரியில் இரு கரையும் தொட்டுத் தண்ணீர் போகிறது.

சுகம் என்று எழுதியது, கடிதம் என்றால் அப்படித்தான் தொடங்க வேண்டும் என்பதற்காக. நிஜத்தில் மாடுகள் மட்டும்தான் சுகம். எனக்குப் பதினோரு நாளாகச் சோறு இறங்கவில்லை. நேற்றுத் தீனித் தொட்டிக்குள் மூக்குக்கண்ணாடியைப் போட்டுவிட்டு, அதன்மேல் தவிட்டைக் கொட்டிக் கலக்கிவிட்டு, கண்ணாடியைக் காணோம் என்று வீடு முழுக்கத் தேடினேன். காரணம் தாங்கள் அறிந்ததே. இம்மாதம் மூன்றாம் தேதி தங்கள் பத்திரிகையின் முதல் பக்கத்தில், கோயில் யானைக்குக் கால்வலி என்ற செய்திக்கு மேலே, ‘வெள்ளிக்கிழமைதோறும் வரும் மர்ம மூட்டை! பால்கார உறுப்பினர் வீட்டுக்குச் சென்னையிலிருந்து வருவது என்ன? பட்டா? வெளிநாட்டுக் கைக்கடிகாரமா? ஊர் கேட்கிறது!’ என்று கொட்டை எழுத்தில் போட்டீர்கள். ஊர் கேட்கவில்லை ஐயா. தாங்கள் போட்ட பிறகுதான் கேட்க ஆரம்பித்தது. வருகிற ஞாயிற்றுக்கிழமை எங்கள் கட்சியின் மாவட்டக் கமிட்டி திருச்சியில் கூடி, வரப்போகும் தேர்தலில் இந்தத் தொகுதிக்கு மறுபடியும் என்னை நிறுத்துவதா, ஜவுளிக்கடை ரங்கசாமியை நிறுத்துவதா என்று முடிவு செய்யப் போகிறது. “மூட்டைக்கு விளக்கம் பத்திரிகையில வரணும். வரலேன்னா எங்களால ஒண்ணும் செய்ய முடியாதுங்க” என்று மாவட்டச் செயலாளர் முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார். ஆகவே இந்தக் கடிதத்தை ஒரு வரிகூடக் குறைக்காமல் இந்த வெள்ளிக்கிழமை இதழில் வெளியிட வேண்டும் என்று மிகவும் தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன். முதல் பக்கத்தில் உச்சியில் வேண்டும் என்று கேட்கவில்லை. யானைக்குக் கீழே போட்டாலும் போதும்.

மூட்டைக்குள் என்ன இருக்கிறது என்று சொல்வதற்கு முன்னால் ஒரு வார்த்தை. தாங்கள் என்னைக் கேட்டிருக்கலாம். அதுதான் எனக்கு வருத்தம். எட்டு வருஷம் தினமும் காலையில் காவிரிப் பாலத்தின்மேல் மாட்டை ஓட்டிவந்து, தங்கள் வீட்டு வாசலில் கட்டிக் கறந்து கொடுத்தவன் நான். கறக்கக் குந்துவதற்கு முன்னால் சொம்பைத் தலைகீழாகக் கவிழ்த்து, உள்ளே சொட்டுத் தண்ணீர் இல்லை என்று டோரதியம்மாளுக்குக் காட்டாமல் ஒரு நாள் இருந்ததில்லை. “போதும் பெரியண்ணன், உங்களை எங்களுக்குத் தெரியாதா?” என்று அம்மா சொல்வார்கள். சொன்னாலும் கவிழ்ப்பேன். கொட்டுகிற மழையில், நிமிர்த்தினால் உடனே தண்ணீர் விழும் என்று தெரிந்தும் கவிழ்த்துக் காட்டியிருக்கிறேன். கை அப்படிப் பழகிவிட்டது. சட்டசபையில் முதன்முதலாகப் பேச எழுந்தபோது, பதற்றத்தில் என்ன செய்கிறேன் என்று தெரியாமல், முன்னால் இருந்த தம்ளரை எடுத்து எல்லோருக்கும் தெரியும்படி கவிழ்த்துக் காட்டிவிட்டேன். அதில் தண்ணீர் இருந்தது. முன்வரிசைப் பெரியவர் ஒருவரின் காகிதங்கள் அத்தனையும் நனைந்து, என் கன்னிப்பேச்சு மன்னிப்புக் கேட்பதோடு முடிந்தது. அப்படிப்பட்டவன் வீட்டு மூட்டையைப் பற்றி எழுதுமுன், ‘உள்ளே என்ன பெரியண்ணன்?’ என்று ஒரு கார்டு போட்டிருந்தால் அன்றைக்கே கவிழ்த்துக் காட்டியிருப்பேன். போகட்டும், இப்போது கவிழ்க்கிறேன். வெள்ளிக்கிழமைதோறும் அந்த மூட்டையில் வருவது என்னுடைய அழுக்குச் சட்டை.

தயவுசெய்து சிரிக்க வேண்டாம். எங்கள் வீட்டில் சீதேவி என்று ஒரு சிவப்புப் பசு இருக்கிறது. தலை ஈற்றிலிருந்தே என் கைக்கு மட்டும் பழகிய மாடு. வேறு யாராவது சொம்போடு பக்கத்தில் போனால், முதலில் மோந்து பார்க்கும், பிறகு உதைக்கும். மோந்து பார்த்துவிட்டு உதைப்பதால் அதற்குக் கெட்ட எண்ணம் கிடையாது, விசாரித்துத்தான் செய்கிறது என்று நான் வெகு நாள் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். ஐம்பத்தேழில் கட்சிக்காரர்கள் என்னைத் தேர்தலுக்கு நிறுத்தினார்கள். விடியுமுன் எல்லார் வீட்டுக் கதவையும் தட்டுகிறவன், ஓட்டுக் கேட்க என்று தனியாகத் தட்ட வேண்டியதில்லை என்பதைத் தவிர என்னிடம் அவர்கள் வேறு என்ன கண்டார்கள் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. ஜெயித்துவிட்டேன். மாலையோடு ரயில் ஏறிச் சென்னைக்குப் போய்ப் பதவிப் பிரமாணம் எடுத்துக்கொண்டேன். நான் அங்கே பிரமாணம் எடுத்த அன்று இங்கே சீதேவி பாலை உள்ளே எக்கிக்கொண்டு ஒரு சொட்டு விடவில்லை. மறுநாளும் விடவில்லை. மூன்றாம் நாள் காத்தானின் முன்பல் ஒன்று போயிற்று. மடி கட்டிப் போய் மாட்டுக்குக் காய்ச்சல் கண்டுவிடுமோ என்று பயந்த பவுனம்மாள், நாலாம் நாள் ஆணியில் தொங்கிய என் பழைய சட்டையை எடுத்துப் புடவைக்குமேல் மாட்டிக்கொண்டு போய்க் குந்தினாள். சீதேவி சட்டைக் கையை மோந்து பார்த்துவிட்டு ஒரு பெருமூச்சு விட்டதாம். அப்புறம் சொம்பு நிரம்ப விட்டதாம்.

ஆனால் சட்டையில் வாசனை எத்தனை நாள் இருக்கும்? ஒரு வாரத்தில் எனக்குக் கடிதம் வந்துவிட்டது. பவுனம்மாளுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஸ்ரீரங்கத்தில் அவள் பால் ஊற்றுகிற வீடுகளில் ஒன்று ரெங்கம்மாள் டீச்சருடையது. இவள் சொல்லச் சொல்ல டீச்சர் எழுதிக் கொடுப்பார். டீச்சர் என்பதால் தமிழ் சுத்தமாக இருக்கும். ‘தாங்கள் அணிந்து வியர்த்த சட்டையொன்றைச் சலவைக்குப் போடாமல் அப்படியே அனுப்பிவைக்கவும். சீதேவி தீனி எடுக்கவில்லை. இரவில் சரியாக உறங்குவதில்லை. வாசலில் யார் நடந்தாலும் தலையைத் தூக்கிப் பார்க்கிறாள்’ என்று எழுதியிருந்தது. என் கண்ணில் நீர் வந்துவிட்டது. ஒரு பிராணிக்கு நம்மேல் இவ்வளவு பாசமா என்று அன்றே ஒரு சட்டையைக் கழற்றிச் சாக்கில் சுற்றித் தைத்து ரயிலில் போட்டேன். அதிலிருந்து நான் சென்னையில் இருக்கும் வாரமெல்லாம் வியாழக்கிழமை ஒரு மூட்டை கிளம்பும், வெள்ளிக்கிழமை ஸ்ரீரங்கம் ஸ்டேஷனில் இறங்கும், காத்தான் சைக்கிளில் போய் வாங்கி வருவான். நாலரை வருஷமாக நடக்கிற மர்மம் இவ்வளவுதான்.

சட்டையை அழுக்காக்குவது சுலபம் என்று தாங்கள் நினைக்கலாம். மாட்டுக் கொட்டகையில் சுலபம். சட்டசபையில் ரொம்பக் கஷ்டம். மேலே மின்விசிறி, கீழே மெத்தை நாற்காலி. காலை முதல் மாலை வரை உட்கார்ந்திருந்தாலும் காலையில் போட்ட மடிப்பு கலையாது. ‘சென்ற வாரச் சட்டையில் வாசனையே இல்லை. உடல்நலமில்லையா? அல்லது அங்கே வேலையே செய்வதில்லையா? சீதேவி கவலைப்படுகிறாள்’ என்று டீச்சரின் கையெழுத்தில் வந்தது. எனக்குப் பெரிய அவமானமாகிவிட்டது. அதிலிருந்து உறுப்பினர் விடுதியிலிருந்து கோட்டை வரைக்கும் வெயிலில் நடந்தே போகவும் நடந்தே திரும்பவும் ஆரம்பித்தேன். ‘எளிமையின் சிகரம்! காரை நாடாத உறுப்பினர்!’ என்று ஒரு பத்திரிகையில் படத்தோடு போட்டார்கள். அது தங்கள் பத்திரிகைதான். அப்போது ஏன் நடக்கிறேன் என்று யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அது என் தப்பு. அந்தப் புகழ்ச்சிக்கு நான் பாத்திரன் இல்லை என்பதையும் இதே கடிதத்தில் ஒப்புக்கொள்கிறேன். தாங்கள் அதையும் வெளியிடலாம்.

விடுதியில் எனக்கு அறைத் தோழர் தைரியராஜ் என்பவர். எதிர்க்கட்சி. சபையில் எங்களைப் பிரித்து உட்கார வைத்திருந்தாலும் அறையில் ஒரே ஆணியில்தான் இருவர் சட்டையும் தொங்கும். நல்ல மனிதர், பெரிய உடம்பு. இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு நாள் அவசரத்தில் ஆணியில் கைக்கு வந்த சட்டையைச் சுற்றி அனுப்பிவிட்டேன். அது தைரியராஜுடைய சட்டை. ரயில் போன பிறகுதான் தெரிந்தது. தந்தி கொடுக்கலாமா, கொடுத்தால் என்னவென்று கொடுப்பது, ‘சட்டை அந்நியன், மாட்டிடம் காட்டாதே’ என்றா கொடுப்பது என்று தவித்து, காத்தானுக்கு மிச்சமிருக்கும் பற்களையும் பவுனம்மாளின் விலா எலும்பையும் நினைத்து இரண்டு ராத்திரி கண் மூடவில்லை. கடைசியில் கடிதம் வந்தது. ‘சீதேவி வழக்கம்போல் கறந்தாள். சட்டை தங்களுடையது அன்று. கழுத்துப்பட்டி மிகப் பெரிது. தயவுசெய்து தங்கள் சட்டையை அனுப்பவும்.’ படித்ததும் உயிர் வந்தது. அடுத்த நிமிஷமே மனசு உடைந்துபோயிற்று. நாலு ஈற்றாக நான் பார்த்து வளர்த்த மாடு, எதிர்க்கட்சிக்காரன் சட்டைக்குப் பால் விட்டிருக்கிறது! தைரியராஜ் இதைச் சபையில் சொல்லிக் காட்டாமல் இருந்தது அவருடைய பெருந்தன்மை. அறையில் மட்டும் தினமும் சொல்லிக் காட்டினார்.

இதையெல்லாம் ஏன் மறைத்தீர்கள் என்று கேட்பீர்கள். பவுனம்மாள் கண்டிப்பாகச் சொல்லிவிட்டாள். “வெளியில சொல்லாதீங்க. மாட்டுக்குக் கண்ணு பட்டுரும்” என்றாள். மேலும், மாசம் ஒரு முறை சட்டம் போடுகிற சபையில் உட்காருகிறவன் வாரம் ஒரு முறை அழுக்குச் சட்டை அனுப்புகிறான் என்பதை வெளியில் சொல்ல எனக்கும் நாக்கு வரவில்லை. காத்தான் யாரிடமும் பேசாமல், மூட்டையை மார்போடு அணைத்துக்கொண்டு ஒரு கையால் சைக்கிளைப் பிடித்தபடி பறப்பான். அதுதான் தொல்லையாகப் பிடித்தது. ஸ்டேஷனில் பார்சல் குமாஸ்தா பரக்கத் அலி சாகிப் தங்கமான மனிதர். அவர் ஒரு நாள், “தம்பி, உள்ளாற கருவாடா? பக்கத்துல பூக்கூடை இருக்கு, கொஞ்சம் தள்ளி வெச்சுக்கிறேன், தப்பா நினைக்காதீங்க” என்று சாதாரணமாகக் கேட்டிருக்கிறார். இவன் ‘இல்லை’ என்றாவது சொல்லித் தொலைத்திருக்கலாம். மூட்டையைப் பிடுங்கிக்கொண்டு ஓடியிருக்கிறான். பின்னால் நின்றவர்கள் பார்த்திருக்கிறார்கள். கருவாடு என்ற பேச்சு ஸ்ரீரங்கத்து வீதிகளுக்குள் போனால் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. உத்தர வீதியில் ஒரு பெரியவர் பவுனம்மாளை வாசலிலேயே நிறுத்தி, “ஏம்மா, பெருமாளுக்கு அமுது செய்யற பாலாச்சே. உங்காத்துல வாராவாரம் கருவாடு வந்து எறங்கறதுன்னு சொல்றாளே, நெஜமா?” என்று கேட்டார். “இல்லீங்க சாமி, எங்க வீட்டுக்காரரோட சட்டைங்க” என்று அவளால் சொல்ல முடியவில்லை. நான்கு வீடுகளில் பால் நின்றது.

இந்த நிலையில்தான் தங்கள் மூன்றாம் தேதிச் செய்தி. நான் சென்னையில் ஒரு கமிட்டியில் இருந்தேன். ‘உடனே வா’ என்று தந்தி வந்தது. அலறிப் புடைத்துக்கொண்டு சனிக்கிழமை காலை வந்து இறங்கினால், அந்த வாரத்து மூட்டை ஸ்டேஷனிலேயே கிடக்கிறது. ஊரே பார்த்துக்கொண்டிருந்ததால் காத்தான் வாங்கப் போகவில்லை. எனக்கு அப்போது நல்ல யோசனை என்று ஒன்று தோன்றியது. எனக்குத் தோன்றுகிற நல்ல யோசனைகளில் மாட்டைத் தவிர மற்றவற்றைப் பற்றியவை எதுவும் இதுவரை உருப்பட்டதில்லை. மூட்டையை நானே வாங்கித் தலையில் வைத்துக்கொண்டு, பின்னால் கூட்டம் வர, திருவானைக்காவல் கடைத்தெருவுக்கு வந்து, நடு ரோட்டில் வைத்து, “எல்லாரும் பாருங்க! என்னோட அழுக்குச் சட்டைங்க இது! மாட்டுக்காக அனுப்புறேன்!” என்று கத்திக்கொண்டே தையலைப் பிரித்தேன். உள்ளேயிருந்து வெள்ளை வெளேரென்று, கஞ்சி போட்டு, பெட்டி போட்டு, மடிப்புக் கலையாமல், பன்னீர் வாசனையோடு ஒரு சட்டை வந்தது.

அந்த வாரம் எனக்குக் கமிட்டி இருந்ததால் மூட்டையைத் தைத்து ரயிலில் போடும் பொறுப்பைத் தைரியராஜிடம் விட்டிருந்தேன். நண்பருடைய சட்டையை அழுக்காகவா ஊருக்கு அனுப்புவது என்று அவர் தன் கைக்காசில் வெளுக்கப் போட்டு, அவர் தங்கச்சி கல்யாணத்தில் மிஞ்சிய பன்னீரையும் தெளித்து அனுப்பியிருக்கிறார். அன்பு ஐயா, அன்பு. அந்த அன்புதான் என்னைத் தெருவில் நிறுத்தியது. “வெளுத்த சட்டைய எவனாச்சும் இருநூறு மைல் ரயில்ல அனுப்புவானா?” என்றது கூட்டம். “சட்டை மேலுக்குங்க. உள்ள எதையோ வெச்சுத் தைச்சிருக்காங்க” என்றார் ஒருவர். ஒருவர் கத்திரிக்கோல் கொண்டுவந்தார். கழுத்துப்பட்டியைப் பிரித்தார்கள், கைமடிப்பைப் பிரித்தார்கள். உள்ளே கெட்டித் துணிதான் இருந்தது. ‘அப்போ வழியிலேயே எடுத்துட்டாங்க’ என்று முடிவு செய்தார்கள். இதற்குள் ஜவுளிக்கடை ரங்கசாமியும் வந்து சேர்ந்துவிட்டார்.

நான் வாயை மூடிக்கொண்டு வீட்டுக்குப் போயிருக்கலாம். “வாங்க! மாட்டையே கேளுங்க! என் சட்டை இல்லாம யாராவது அதுகிட்ட ஒரு சொட்டுக் கறந்து காட்டுங்க, பதவியை இன்னைக்கே விட்டுடறேன்!” என்று சவால் விட்டு அத்தனை பேரையும் கொட்டகைக்கு அழைத்துப் போனேன். பவுனம்மாள் வாசலிலேயே மறித்தாள். “வேணாங்க. கூட்டத்தைத் திருப்பி அனுப்புங்க. சொன்னாக் கேளுங்க” என்றாள். அவள் முகம் வெளுத்துப் போயிருந்தது. மாடு மிரண்டு யாரையாவது முட்டிவிடும் என்று பயப்படுகிறாள் என்று நினைத்து, “நீ சும்மா இரு, சீதேவி நம்ம மானத்தைக் காப்பாத்தும்” என்றேன். ரங்கசாமி சிறு வயதில் பச்சைமலை அடிவாரத்தில் மாடு மேய்த்தவராம். அது எனக்குத் தெரியாது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, கைக்கடிகாரத்தோடு, மோதிரத்தோடு குந்தினார். சீதேவி மோந்து பார்த்தது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். சர் சர்ரென்று சத்தம் கேட்டது. இரண்டு படி, ஐயா. ஆடாமல் அசையாமல் இரண்டு படி கறந்தது. நடுவில் திரும்பி அவருடைய கடிகார வாரை நக்கவும் நக்கியது. ஜனங்கள் கை தட்டினார்கள். பவுனம்மாள் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

பத்தாம் தேதி இதழில் ‘மாடே சாட்சி!’ என்று தலைப்புப் போட்டீர்கள். படம் வேறு. படத்தில் ரங்கசாமி சிரிக்கிறார். உற்றுப் பார்த்தால் சீதேவியும் சிரிக்கிற மாதிரி இருக்கிறது. இப்போது நான் மூட்டைக் கள்ளன் மட்டுமல்ல, பொய்யனும் ஆகிவிட்டேன். இதற்கு எனக்குத் தெரிந்த ஒரே விளக்கம், அன்றைக்கு நான் பக்கத்திலேயே நின்றதால் காற்றில் என் வாசனை போயிருக்கிறது என்பதுதான். ஆகவே தங்கள் நிருபரை எந்த நாளும் அனுப்பலாம். நான் கொள்ளிடத்துக்கு அக்கரையில் போய் நின்றுகொள்கிறேன். காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று பார்த்து, பிறகு கறக்கச் சொல்லிப் பார்க்கலாம்.

பதவி போனால் போகட்டும் என்று என்னால் சொல்ல முடியவில்லை. சொன்னால் அதுதான் பொய். மாட்டு ஆஸ்பத்திரிக்கு நாலு வருஷம் நடையாய் நடந்து, சட்டைக்காக நடந்தது போக அதற்காகவும் நடந்து, இப்போதுதான் சுவர் இடுப்பு உயரம் வந்திருக்கிறது. கூரை போட்டுப் பார்க்க வேண்டும் என்று ஆசை. அதைவிட, இருபது வருஷமாகச் சொம்பைக் கவிழ்த்துக் கவிழ்த்து வாங்கிய பெயர் ஒரு சட்டையில் போவதைத் தாங்க முடியவில்லை. காலையில் பால் சைக்கிளோடு போகிற பவுனம்மாளை ஜனங்கள் திரும்பிப் பார்க்கிறார்கள். தாங்கள் இதை வெளியிட்டால் ஒரு குடும்பத்துக்கு மானத்தைத் திருப்பிக் கொடுத்தவர் ஆவீர்கள்.

தங்கள் அச்சு இயந்திரம் ஒரு நாளும் நிற்காமல் ஓடவும், எழுத்துக் கோப்பவர்களுக்குக் கண் மங்காமல் இருக்கவும், டோரதியம்மாளின் காப்பிக்கு என்றைக்கும் நல்ல பால் கிடைக்கவும் வேண்டிக்கொண்டு, பதிலைவிட வெள்ளிக்கிழமை இதழையே ஆவலோடு எதிர்பார்க்கும்,

தங்கள் பழைய பால்காரன்,
பெரியண்ணன்.

பின்குறிப்பு: உறையை ஒட்டுவதற்கு முன்னால், பிழை ஏதாவது இருக்கிறதா என்று பவுனம்மாளுக்கு முழுவதையும் படித்துக் காட்டினேன். பருத்திக்கொட்டை ஆட்டிக்கொண்டே கேட்டாள். தைரியராஜ் சட்டை வரும் இடத்தில் ஆட்டுவதை நிறுத்தினாள். கொள்ளிடத்துக்கு அக்கரை என்று படித்தபோது, “நீங்க அங்கெல்லாம் போக வேணாங்க” என்றாள். “பின்னே?” என்றேன். “சீதேவி முதல் மாசம்தாங்க சட்டை கேட்டுச்சு. அப்புறம் எனக்குப் பழகிடுச்சு. காத்தானுக்கும் பழகிடுச்சு. ஊருக்கே பழகிடுச்சு” என்றாள். எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. “அப்போ நாலு வருஷமா வாராவாரம் எதுக்குடி சட்டை அனுப்பச் சொன்னே?” என்று கத்தினேன். அவள் மாவுக் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்து, என்னைப் பார்க்காமல் சொன்னாள்: “ரெங்கம்மா டீச்சர்கிட்ட வேற என்னன்னு சொல்லி எழுதச் சொல்றதுங்க?” அதற்குமேல் நிற்காமல் வைக்கோல் எடுக்கப் போய்விட்டாள்.

நான் பெட்டியைத் திறந்து நாலு வருஷக் கடிதங்களையும் எடுத்து, சீதேவி என்று வருகிற இடத்தையெல்லாம் மறுபடி படித்தேன். தீனி எடுக்கவில்லை, உறங்குவதில்லை, வாசலில் யார் நடந்தாலும் தலையைத் தூக்கிப் பார்க்கிறாள். படித்து முடிக்கிறபோது விளக்கு வைக்கும் நேரமாகிவிட்டது.

ஆகவே ஆசிரியர் ஐயா, மேலே கேட்டதெல்லாம் வேண்டாம். இந்தக் கடிதத்தை வெளியிட வேண்டாம். தாங்கள் படிக்கலாம், டோரதியம்மாளிடம் சொல்லலாம், அதற்குமேல் போக வேண்டாம். எட்டு வருஷம் தங்கள் வாசலில் கவிழ்த்துக் காட்டினேன், இந்த ஒரு சொம்பை மட்டும் கவிழ்க்க மாட்டேன். மூட்டையில் பட்டு வந்தது என்று போட்டாலும் சரி, கைக்கடிகாரம் வந்தது என்று போட்டாலும் சரி, மறுக்க மாட்டேன். கருவாடு என்று மட்டும் போட வேண்டாம், பவுனம்மாளுக்கு ஸ்ரீரங்கத்தில் வியாபாரம் கெடும். மாட்டு ஆஸ்பத்திரிக்கு ரங்கசாமியே கூரை போடட்டும், அவர் கைக்குத்தான் சீதேவி விடுகிறதே. நாளைக்கு ஒரு கமிட்டிக்காக நான் சென்னைக்குப் போகிறேன். வெயில் இல்லாவிட்டாலும் கோட்டைக்கு நடந்தே போவேன். வெள்ளிக்கிழமை மூட்டை வழக்கம்போல் வரும்.